பழைய ஐரோப்பியத் திகில் படங்களில் நரகம்: கணக்கு தீரும் இடமா, தீராத இடமா?

வாசகர் கேள்வி, 4 ஜனவரி

1911-இல் வந்த இத்தாலிய மௌனப்படம் ‘லின்ஃபெர்னோ’ பார்த்தேன். ஒட்டுத் தாடி, அட்டைப் பாறை, இறக்கை கட்டிய ஆட்கள். இதையெல்லாம் திகில் படம் என்று சொல்லலாமா? நரகத்தை வைத்து உண்மையிலேயே பயமுறுத்தியவர்கள் எண்பதுகளின் இத்தாலியர்கள்தான், அதிலும் லூச்சியோ ஃபுல்ச்சி. அதற்கு முன்னால் வந்ததெல்லாம் அருங்காட்சியகச் சரக்கு என்பது என் கருத்து. மறுப்பவர்கள் உண்டா?

4 ஜனவரி, இரவு 10.40

மறுக்கிறேன்.

மிலானோ ஃபிலிம்ஸ் எடுத்த படம் அது. பெர்தோலினி, படோவான், தெ லிகுவோரோ என்று மூன்று பேர் சேர்ந்து இயக்கினார்கள். 1911 மார்ச்சில் நேப்பிள்ஸின் மெர்கதாந்தே அரங்கில் முதல் காட்சி. ஒரு மணி நேரத்துக்கு மேல் ஓடும் படம் என்பதே அன்றைக்கு இத்தாலிக்குப் புதிது. இத்தாலியக் கவிஞர் தாந்தே எழுதிய நரகப் பயணக் காவியத்துக்கு குஸ்தாவ் டோரே வரைந்த படங்களைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு காட்சிகளை அமைத்தார்கள். பாறை எல்லாமே அட்டையும் இல்லை. பல காட்சிகள் வெட்டவெளியில், நிஜ மலைச்சரிவில் எடுத்தவை. மறுபடி பார்க்கும்போது கவனியுங்கள்.

எனக்கு அதில் பயம் தருவது சாத்தான் இல்லை, உடம்புகள். தலைகீழாகக் குழியில் செருகப்பட்டு, வெளியே தெரியும் பாதங்களில் நெருப்பு எரிய, கால்களை உதைக்கிற மனிதர்கள். ஈய அங்கியைச் சுமந்துகொண்டு வரிசையாக நடக்கிறவர்கள். வெட்டுண்ட தன் தலையைக் கையில் பிடித்துக்கொண்டு வந்து பேசுகிற பெர்த்ரான் தெ போர்ன். கேமரா அநேகமாக நகர்வதில்லை, முகத்துக்குப் பக்கத்திலும் போவதில்லை. தூரத்தில் நின்று பார்க்கிறது. தண்டனை நடந்துகொண்டே இருக்கிறது, நம்மை அழைத்துவந்தவர் அடுத்த இடத்துக்கு நடக்கிறார். இவர்களை விட்டுவிட்டுப் போகிறோம் என்ற உணர்வு வருகிறதே, அதைத்தான் சொல்கிறேன்.

ஒரு அளவுகோலை வைத்துப் பேசலாம் என்று தோன்றுகிறது. இந்த நரகத்தில் கணக்கு இருக்கிறதா? யார், என்ன செய்ததற்காக, என்ன அனுபவிக்கிறார் என்று சொல்ல முடிகிறதா? தாந்தேயிடம் முடிகிறது. ஃபுல்ச்சியிடம் முடியாது. நடுவில் உள்ள எழுபது வருடத்தில் அந்தக் கணக்கு எப்படி அழிந்தது என்பதுதான் ஐரோப்பியத் திகில் படங்களின் கதை என்று நினைக்கிறேன். நாளை விரிவாக எழுதுகிறேன்.

5 ஜனவரி, காலை 7.15

நேற்று எழுதியதில் ஒரு சேர்க்கை. தாந்தேயின் நரகத்தில் கணக்கு உண்டு என்றேன். படத்திலும் உண்டு. ஆனால் படம் அதை முழுசாக ஒப்புக்கொள்ளவில்லை. எங்கெங்கே பின்கதைக்குப் போகிறது என்று பாருங்கள்: பிரான்செஸ்காவின் காதல், பியர் தெல்லா விஞ்ஞாவின் தற்கொலை, கோபுரத்தில் பிள்ளைகளோடு பட்டினியில் சாகும் உகோலினோ. மூன்றுமே பரிதாபக் கதைகள். மற்ற பாவிகள் கூட்டமாகத் தெரிய, இவர்களுக்கு மட்டும் ஒரு வீடு, ஒரு அறை, ஒரு வாழ்க்கை கிடைக்கிறது.

உகோலினோவின் கோபுரக் காட்சி சின்னது. பிள்ளைகள் ஒவ்வொருவராகச் சாய்கிறார்கள். அது முடிந்து நரகத்துக்குத் திரும்பினால், தங்களை அடைத்துவைத்த பேராயர் ருஜ்ஜியேரியின் மண்டையைக் கடித்துக்கொண்டிருக்கும் அதே தகப்பனைப் பார்க்கிறோம். தீர்ப்பு சரியா தவறா என்று என்னால் யோசிக்க முடியவில்லை. அந்த மனிதனிடமிருந்து பார்வையை எடுக்கத்தான் முடியவில்லை. ஆக, 1911-லேயே கணக்குப் புத்தகத்தின் ஓரம் கிழிய ஆரம்பித்துவிட்டது.

இன்னொரு தகவல். படம் முடிவது நரகத்தில் இல்லை, திரெந்தோ நகரில் உள்ள தாந்தே சிலையில். அப்போது திரெந்தோ ஆஸ்திரிய ஆட்சியில் இருந்தது. இத்தாலிய மொழி பேசும் அந்த ஊர் எங்களுடையது என்று மிலானில் இருந்து ஒரு சத்தம். நரகப் படத்துக்கு அப்படி ஒரு அரசியல் வால்.

6 ஜனவரி, இரவு 11.50

‘அருங்காட்சியகச் சரக்கு’ என்ற சொல் இரண்டு நாளாக உறுத்துகிறது. அதற்குப் பதில் ஒரே படம்: ‘ஷோர்கார்லன்’. சாவு வண்டிக்காரன். ஸ்வீடன், 1921 புத்தாண்டு தினத்தில் வெளியானது. செல்மா லாகர்லோஃபின் 1912 நாவலை விக்டர் ஷோஸ்ட்ரோம் இயக்கி, நாயகன் டேவிட் ஹோல்மாகத் தானே நடித்தார்.

ஆண்டின் கடைசி நள்ளிரவில் கடைசியாகச் சாகிறவன் அடுத்த ஒரு வருடம் சாவின் வண்டியை ஓட்டி உயிர்களைச் சேகரிக்க வேண்டும். அவனுக்கு ஒரு நாள் நூறு வருடம் போல நீளும். இதில் நெருப்பு இல்லை, கொம்பு இல்லை, சாத்தானும் இல்லை. நரகம் என்பது இங்கே ஒரு வேலை. நனைந்த குதிரை, கிறீச்சிடும் சக்கரம், போகவேண்டிய வீடுகளின் வரிசை. யாருமே உன்னை வரவேற்காத வேலை. இதைவிடக் கொடுமையான தண்டனையை நான் எந்தப் படத்திலும் பார்த்ததில்லை.

தொழில்நுட்பத்தைப் பற்றிக் கட்டாயம் சொல்ல வேண்டும். ஒளிப்பதிவாளர் யூலியஸ் யேன்சன். ஆவிகள் எல்லாம் கேமராவுக்குள்ளேயே எடுத்த டபுள் எக்ஸ்போஷர். ஒரே பிலிமை மறுபடி பின்னுக்குச் சுற்றி, மேல் ஒரு தடவை, அதற்கு மேல் இன்னொரு தடவை. கையால் சுற்றும் கேமரா என்பதால் ஒவ்வொரு தடவையும் அதே வேகத்தில் சுற்றியாக வேண்டும், இல்லையென்றால் எடுத்த எல்லாமே வீண். வண்டி கடலுக்கு மேல் ஓடி நிற்பதும், ஓட்டுநர் இறங்கி நீருக்கடியில் மூழ்கிக் கிடப்பவனைத் தேடிப் போவதும் அப்படி எடுத்தவைதான். கண்ணாடி போன்ற ஆவிக்குப் பின்னால் திடமான நாற்காலியும் கதவும் தெரிகின்றன. இன்றைய கணினி ஆவிகளில் இந்தக் கனமின்மை வருவதில்லை. ஆவியைத் திடமாக வரைந்துவிட்டு அப்புறம் மங்கலாக்குகிறார்கள், வித்தியாசம் கண்ணுக்குத் தெரிகிறது.

இப்போது சொந்த விஷயம். எங்கள் குடும்பத்தில் சித்தப்பா ஒருவர் குடித்தே அழிந்தவர். நல்லவர் என்று ஊரே சொல்லும். வீட்டுக்குள் வேறு ஆள். டேவிட் ஹோல்முக்குக் காசநோய். மனைவி பிள்ளைகளுக்குத் தொற்றிக்கொள்ளட்டும் என்றே அவர்கள் பக்கம் திரும்பி இருமுகிறான். அவள் கதவைத் தாழிட்டதும் கோடரியால் கதவைப் பிளக்கிறான். இந்தக் காட்சியை 1980-இல் ‘தி ஷைனிங்’ படத்தில் குப்ரிக் எடுத்த கோடரிக் காட்சியோடு ஒப்பிட்டு நிறையப் பேர் எழுதுகிறார்கள். எனக்கு அந்த ஒப்பீட்டில் ஆர்வம் போய்விட்டது. இந்தப் படத்தில் கதவு உடைந்த பிறகு அவள் மயங்கி விழுகிறாள், அவன் தண்ணீர் கொண்டுவந்து கொடுக்கிறான். கொடுத்துக்கொண்டே திட்டுகிறான். அந்தத் தண்ணீர்க் கோப்பை வந்த இடத்தில் நான் படத்தை நிறுத்திவிட்டு வெளியே போய் நின்றேன். குடிகாரன் வீட்டில் வளர்ந்தவர்களுக்கு அது என்ன என்று தெரியும். அடிப்பதும் அவன்தான், தாங்குவதும் அவன்தான்.

இது அருங்காட்சியகத்தில் இருக்கிற பொருள் இல்லை.

7 ஜனவரி, மதியம் 1.05

“கடைசியில் அவன் திருந்திவிடுகிறானே, அப்புறம் என்ன திகில்” என்று ஒருவர் எழுதியிருக்கிறார். திருந்துகிறான். ஆனால் எதைப் பார்த்துத் திருந்துகிறான்? உயிர் பிரிந்த நிலையில், தன் மனைவி தானும் செத்துப் பிள்ளைகளையும் கொல்ல விஷம் கலக்குவதைப் பார்க்கிறான். அருகில் நிற்கிறான், கத்துகிறான், அவளுக்குக் கேட்கவில்லை. ஆவியாக இருப்பதன் முழுப் பொருளும் அதுதான்: பார்க்க முடியும், தடுக்க முடியாது. அவனுடைய நரகம் அந்தச் சில நிமிடங்கள். வண்டி ஓட்டும் ஒரு வருடம் அதற்கு முன்னால் ஒன்றுமே இல்லை.

ஷோஸ்ட்ரோமின் இந்தப் படத்தை ஸ்வீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மன் வாழ்நாள் முழுக்கத் திரும்பத் திரும்பப் பார்த்தார். 1957-இல் அதே ஷோஸ்ட்ரோமைத் தன் படத்தில் வயதான பேராசிரியராக நடிக்கவைத்தார்.

9 ஜனவரி, இரவு 9.30

முர்னாவின் ‘ஃபவுஸ்ட்’, 1926. ஜெர்மனியில் அவர் எடுத்த கடைசிப் படம், அடுத்து ஹாலிவுட் போய்விட்டார். எமில் யானிங்ஸ் நடித்த சாத்தான் மெஃபிஸ்டோ ஊருக்கு மேலே மலையளவு எழுந்து நின்று இறக்கையை விரிக்கும் காட்சி உலகப் புகழ். கீழே இருப்பது சிறிதாகச் செய்த பொம்மை ஊர், மேலே நிஜ மனிதன், நடுவில் கரும்புகை. அந்தப் புகைதான் பிளேக்.

இந்தப் படத்தில் கணக்கு மிகத் தெளிவு. மேலே தேவதூதனுக்கும் சாத்தானுக்கும் பந்தயம், கீழே ஒரு கிழவனின் கையெழுத்து. ஆனால் ஃபவுஸ்ட் கையெழுத்துப் போடுவது ஆசையால் இல்லை. நோயாளிகளைக் காப்பாற்ற முடியாமல், புத்தகங்களை எரித்துவிட்டு, இரக்க மனத்தால் போடுகிறான். சிலுவையை ஏறிட்டுப் பார்க்க முடியாததால் ஊர் கல்லெறிகிறது. அதற்கப்புறம்தான் இளமை, இத்தாலிய சீமாட்டி எல்லாம் வருகின்றன. முதல் ஒப்பந்தம் ஒரே ஒரு நாளுக்கு, மணல் கடிகாரம் வைத்து. அந்த நாள் முடிகிற நேரம் அவன் எங்கே இருக்கிறான் என்பதுதான் வலை.

தண்டனை யாருக்கு வருகிறது என்று கவனியுங்கள். ஃபவுஸ்ட் காதலித்த கிரெட்ஷனுக்கு. கமிலா ஹார்ன் நடித்தது. கையெழுத்தே போடாத பெண். பனிப்புயலில் குழந்தையோடு வீடு வீடாகப் போய்க் கதவைத் தட்டுகிறாள், யாரும் திறக்கவில்லை. குழந்தை உறைந்து சாகிறது, கொன்றுவிட்டாள் என்று பிடித்துப் போகிறார்கள். அவளுடைய அலறல் மலைகளைத் தாண்டி ஃபவுஸ்டைத் தேடிப் போவதை முர்னாவ் ஒரு முகமாக, நிலப்பரப்பின் மேல் பறக்கும் முகமாகக் காட்டுகிறார். மௌனப்படத்தில் எனக்குக் கேட்ட மிகப்பெரிய சத்தம் அது.

முடிவில் ‘அன்பு’ என்ற ஒரு சொல் சாத்தானை வென்றுவிடுவதை நான் முன்பெல்லாம் பலவீனம் என்று நினைத்தேன். இப்போது அப்படி நினைக்கவில்லை. அந்தச் சொல் வரும்போது இரண்டு பேரும் ஏற்கெனவே எரிந்து முடிந்துவிட்டார்கள். முர்னாவ் யாரையும் காப்பாற்றவில்லை.

10 ஜனவரி, மாலை 6.00

சின்ன இளைப்பாறல். அதே இருபதுகளில் இத்தாலியில் வந்த ‘மசிஸ்தே நரகத்தில்’. மசிஸ்தே என்ற பலசாலி நாயகனாக பர்த்தலோமியோ பகானோ. ஜெனோவா துறைமுகத்தில் மூட்டை சுமந்தவர், 1914-இல் நடிகரானார். நரகத்துக்குள் போய்ப் பேய்களை வரிசையாகத் தூக்கி எறிகிறார்! தந்திரக் காட்சிகள் ஸ்பானியரான செகுந்தோ தெ ஷோமோனின் கைவண்ணம். உயிரோடு நரகம் போனவன் மூன்று நாளில் திரும்பலாம், ஆனால் பெண்பேயை முத்தமிட்டால் அங்கேயே கிடக்க வேண்டும் என்று ஒரு சட்டம் வேறு. என்ன நடக்கும் என்று ஊகித்திருப்பீர்கள். சிறு வயதில் அப்பாவோடு பார்த்த இந்தப் படம்தான் தன் முதல் சினிமா நினைவு என்று இயக்குநர் ஃபெல்லினி சொல்லியிருக்கிறார். அவர் படங்களின் பருத்த பெண்களும் புகையும் எங்கிருந்து வந்தன என்று எனக்குப் புரிந்துவிட்டது. சிறு பிள்ளைகளோடு உட்கார்ந்து பார்க்கக்கூடிய நரகம் இது ஒன்றுதான்.

12 ஜனவரி, இரவு 12.20

தூக்கம் வரவில்லை, ‘ஹேக்ஸன்’ (சூனியக்காரி) பற்றி எழுதிவிடுகிறேன். 1922, ஸ்வீடன் நிறுவனத்தின் பணம், டென்மார்க்கின் பெஞ்சமின் கிறிஸ்டென்சன் இயக்கம். சாத்தானாகவும் அவரே நடித்தார், நாக்கை நீட்டிக்கொண்டு, வெண்ணெய் கடைவது போலக் கைகளை ஆட்டிக்கொண்டு.

ஆரம்பம் ஒரு சொற்பொழிவு. பழைய ஓவியங்கள், சுட்டிக்காட்டும் குச்சி, நரகத்தின் அசையும் மாதிரி ஒன்று. பலர் இங்கேயே எழுந்துவிடுகிறார்கள். எழுந்துவிடாதீர்கள். அச்சுக்காரர் ஒருவர் நோயில் கிடக்கிறார், வீட்டுப் பெண்களுக்குச் சந்தேகம், பிச்சையெடுக்க வந்த கிழவி மரியாவைப் பிடித்துக் கொடுக்கிறார்கள். விசாரணை. கருவிகள். அவள் ‘ஒப்புக்கொள்கிறாள்’. இந்தப் படத்தின் புகழ்பெற்ற காட்சிகளான வானத்தில் பறக்கும் சூனியக்காரிகள், சாத்தானோடு விருந்து, பேய்க்கூத்து எல்லாமே அவள் வாக்குமூலம். சித்திரவதை நிற்க வேண்டும் என்பதற்காக ஒரு கிழவி சொன்ன கதை.

அதாவது நரகத்தைக் கண்ணுக்கு விருந்தாகக் காட்டிவிட்டு, அது விசாரணை அறையில் தயாரானது என்றும் கிறிஸ்டென்சன் காட்டிவிடுகிறார். இரண்டையும் ஒரே நேரத்தில் பார்க்கவேண்டியிருக்கிறது. பறக்கிற காட்சியை ரசித்தேன், ரசித்ததற்குக் கொஞ்ச நேரத்தில் கூசினேன். வாக்குமூலத்தில் அவள் மற்றப் பெயர்களையும் சொல்கிறாள். அவளைப் பிடித்துக் கொடுத்த வீட்டுப் பெண்கள் ஒவ்வொருவராகப் போகிறார்கள். வீட்டில் குழந்தை மட்டும் மிஞ்சுகிறது. கணக்கு எழுதுகிறவன் கையில்தான் பேனா இருக்கிறது என்றால் அந்தக் கணக்கை எப்படி நம்புவது?

மரியாவாக நடித்தவர் மாரன் பெடர்சன் என்ற மூதாட்டி. படத்திலேயே ஒரு டைட்டில் கார்டு வருகிறது: படப்பிடிப்பின்போது அந்த அம்மா களைத்த முகத்தை நிமிர்த்தி, சாத்தான் உண்மை, என் கட்டிலோரம் உட்கார்ந்திருப்பதைப் பார்த்தேன் என்று சொன்னாராம். சாத்தான் என்பது நோயும் பயமும் கட்டிய கற்பனை என்று நிரூபிக்கப் படம் எடுத்துக்கொண்டிருக்கிறார் இயக்குநர். அவர் எதிரிலேயே, அவர் படத்தில் நடிக்கிற பாட்டி இப்படிச் சொல்கிறார். அதை வெட்டாமல் படத்தில் வைத்தாரே, அதற்காகவே அவரைக் கும்பிடத் தோன்றுகிறது.

12 ஜனவரி, காலை 8.10

ராத்திரி விட்டுப்போனது. கட்டைவிரல் நசுக்கும் திருகுக்கருவியைத் தன்மேல் போட்டுப் பார்க்க நடிகை ஒருவர் பிடிவாதம் பிடித்தார் என்றும் ஒரு கார்டு வருகிறது. அந்தப் பெண் முதலில் சிரிக்கிறார். அதைப் படமாகவே காட்டுகிறார்கள். ஒரு நிமிடத்தில் அவரிடமிருந்து எப்படிப்பட்ட வாக்குமூலம் வாங்கினேன் என்று சொல்லமாட்டேன் என்கிறார் இயக்குநர். முழுப் படத்தின் வாதமும் அந்தச் சிரிப்பில் இருக்கிறது.

15 ஜனவரி, இரவு 10.00

“போருக்குப் பிறகு?” என்று கேட்டிருக்கிறார்கள். ழான் கொக்தோவின் ‘ஓர்ஃபே’, 1950. கடைக்காரர்கள் இதைத் திகில் அலமாரியில் வைக்கமாட்டார்கள். என் வீட்டில் வைப்பேன்.

இங்கே பாதாளத்துக்குக் கண்ணாடி வழியாகப் போகிறார்கள். கை கண்ணாடிக்குள் மூழ்கும் காட்சிக்குத் தொட்டியில் பாதரசம் நிரப்பி எடுத்தார்கள். உள்ளே இருக்கும் ‘மண்டலம்’, போரில் குண்டுவீச்சில் இடிந்துபோன சான்-சீர் ராணுவக் கல்லூரி. 1911-இல் நரகத்துக்கு மலைச்சரிவு வேண்டியிருந்தது. 1950-இல் ஐரோப்பாவுக்கு அந்தத் தேவை இல்லை, இடிபாடு பக்கத்திலேயே கிடந்தது. கார் வானொலியில் பொருளற்ற வாக்கியங்கள் வந்துகொண்டே இருக்கும். ஜெர்மன் ஆக்கிரமிப்புக் காலத்தில் லண்டன் வானொலியில் வந்த ரகசியச் செய்திகளின் எதிரொலி அது. மோட்டார் சைக்கிளில் வரும் சாவின் ஆட்களைப் பார்த்து அன்றைய பாரீஸ்காரர் யாரை நினைத்திருப்பார் என்று சொல்லவே வேண்டாம்.

மரியா கஸாரெஸ் நடித்த இளவரசிதான் சாவு. ஆனால் அவள் முதலாளி இல்லை, ஊழியர். உத்தரவு இல்லாமல் ஒரு உயிரை எடுத்துவிட்டாள் என்று அவளையே விசாரிக்கிறார்கள். சாதாரண அறை, மேசை, மூன்று நீதிபதிகள், கையெழுத்துப் போடக் காகிதம். உத்தரவு யாரிடமிருந்து வருகிறது என்றால் யாருக்கும் தெரியாது. ஒருவரிடமிருந்து ஒருவருக்கு வருகிறது, அவ்வளவுதான். கடைசியில் அவளுக்கும் அவளுடைய காரோட்டி ஓர்ட்பீஸுக்கும் என்ன தண்டனை என்று படம் சொல்வதே இல்லை. காவலர்கள் கூட்டிப்போகிறார்கள்.

கணக்குப் புத்தகம் இருக்கிறது, அதை யார் வைத்திருக்கிறார் என்பது போய்விட்டது. இதுதான் நடுக்கட்டம்.

16 ஜனவரி

சோவியத் ‘விய்’ (1967) இந்தப் பட்டியலில் வருமா என்கிறார் ஒருவர். கோகோலின் கதை, சவப்பெட்டிக்கு முன்னால் மூன்று இரவு பிரார்த்தனை, தரையில் சுண்ணாம்பு வட்டம். அருமையான படம். ஆனால் அங்கே நரகம் வீட்டுக்கு வருகிறது, நாம் போவதில்லை. அதனால் என் வாதத்துக்கு வெளியே. மூன்றாவது இரவுக்காக மட்டும் பாருங்கள்.

19 ஜனவரி, இரவு 11.15

மாரியோ பாவா. ‘லிசாவும் சாத்தானும்’, 1973. ஸ்பெயினின் டொலேடோவில் சுற்றுலா வந்த பெண் லிசா சுவரோவியம் ஒன்றைப் பார்க்கிறாள்: பிணத்தைத் தூக்கிச் செல்லும் சாத்தான். சந்துக்குள் ஒரு கடையில் அதே முகம், கையில் பொம்மை. சாத்தானாக நடிகர் டெல்லி சவாலஸ், வாயில் லாலிபாப். அப்புறம் அதே ஆள் ஒரு பெரிய வீட்டின் வேலைக்காரனாக, பிணங்களுக்கு அளவெடுத்துக்கொண்டு, வேலை அதிகம் என்று முனகிக்கொண்டு வருகிறார்.

லிசா என்ன தப்பு செய்தாள்? ஒன்றுமே இல்லை. எலெனா என்ற இறந்தவளைப் போல இருக்கிறாள், அவ்வளவுதான். இன்னொருத்தியின் கணக்கில் இவள் பெயர் ஏறிவிட்டது. கடைசியில் விமானத்தில் உட்காருகிறாள், சுற்றிப் பார்த்தால் இருக்கைகளில் பிணங்கள், ஓட்டுவது அந்த வேலைக்காரன். தப்பித்தோம் என்று நினைக்கிற இடத்தையும் பாவா விட்டுவைக்கவில்லை. லிசாவாக நடித்த எல்க்கே சோமரின் முகத்தில் அந்த நேரம் அதிர்ச்சியைவிட ஒருவித அயர்ச்சிதான் தெரியும்.

வேலைக்காரனாக வரும் சாத்தான் என்பதை யோசித்துக்கொண்டே இருக்கிறேன். கொக்தோவின் இளவரசிக்கு மேலே யாரோ இருந்தார்கள், காதல் இருந்தது, அதனால் மீறினாள். பாவாவின் வேலைக்காரனுக்கு எதுவும் இல்லை. வேலை நடக்கிறது.

21 ஜனவரி, இரவு 1.30

சரி, ஃபுல்ச்சிக்கு வருவோம். ‘லால்தீலா’, 1981. கேள்வி கேட்டவருக்கு உரியதைக் கொடுத்துவிடுகிறேன்: இது மகத்தான நரகப் படம், சந்தேகமே இல்லை. சிலந்திகள் முகத்தைத் தின்னும் காட்சிக்காகவோ, கண் தோண்டும் காட்சிகளுக்காகவோ இதை நான் சொல்லவில்லை. அந்தக் காட்சிகளில் ரப்பர் தெரிகிறது, தெரிந்தால் தெரியட்டும்.

1927-இல் அமெரிக்காவின் லூசியானா மாநில விடுதி ஒன்றில் ஓவியன் ஒருவனைக் கும்பல் சங்கிலியால் அடித்து, ஆணியடித்து, சுண்ணாம்பு ஊற்றிக் கொல்கிறது. பழுப்பு நிறத்தில் எடுத்த முன்கதை. அந்த விடுதி நரகத்தின் ஏழு வாசல்களில் ஒன்றின்மேல் நிற்கிறது. பல வருடம் கழித்து லிசா என்ற பெண்ணுக்கு அது சொத்தாக வருகிறது. இங்கேயும் ஒரு லிசா, இங்கேயும் குற்றம் எதுவும் இல்லை. சொத்து வந்தது, அதுவே போதும். அடைப்பெடுக்க வந்த குழாய்க்காரர் ஜோ, அவர் மனைவி, மகள், கட்டட வேலையாள் எல்லாரும் ஒவ்வொருவராக. இவர்களில் யாருமே எதற்கும் பொறுப்பில்லை. கொன்ற கும்பல் தப்பித்துப் போய்விட்டது, அவர்களைப் பற்றிப் படம் பேசவே இல்லை!

கடைசிக் காட்சி. லிசாவும் மருத்துவரும் மருத்துவமனைப் படிக்கட்டில் இறங்கி ஓடுகிறார்கள். இறங்கிய இடம் விடுதியின் நிலவறை. அங்கிருந்து நடந்தால், அந்த ஓவியன் வரைந்துகொண்டிருந்த படத்துக்குள் இருக்கிறார்கள். சாம்பல் நிறத் தரை, மூடுபனி, அங்கங்கே கிடக்கும் உடல்கள். எந்தப் பக்கம் திரும்பினாலும் அதே காட்சி. அவர்கள் கண்கள் வெள்ளையாகிவிடுகின்றன. ஃபாபியோ ஃப்ரிட்ஸியின் இசையில் பாடகர் குழுவின் குரல் ஏறுகிறது. ரத்தம் ஒரு சொட்டுக்கூட இல்லை.

இதை முதலில் மிக மோசமான நகலில், பாதி இருட்டாகப் பார்த்தேன். முடிவில் என்ன நடந்தது என்றே புரியவில்லை, ஆனால் இரண்டு மூன்று நாள் மனசு சரியில்லை. பிற்பாடு சுத்தமான பிரதியில் பார்த்தபோது புரிந்தது, புரியாமல் பட்ட அடிதான் சரியான அடி என்று. காரணம் தேடுகிற மனதுக்கு அங்கே பிடிமானம் எதுவும் வைக்கவில்லை ஃபுல்ச்சி.

23 ஜனவரி, இரவு 9.45

கேள்வி கேட்டவர் திரும்பி வந்து, “ஆக நான் சொன்னதுதானே சரி, ஃபுல்ச்சிதான் உச்சம்” என்கிறார். உச்சம் என்பதை ஒப்புக்கொள்கிறேன். அதற்கு முந்தியது சரக்கு என்பதை ஒப்புக்கொள்ளவில்லை. நேற்று ராத்திரி ஒரு காரியம் செய்தேன். 1911 படத்தின் கடைசிப் பகுதியில் பனியேரியில் தலைகள் மட்டும் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் காட்சியையும், ஃபுல்ச்சியின் சாம்பல் வெளியையும் அடுத்தடுத்து ஓடவிட்டேன். இரண்டும் கிட்டத்தட்ட ஒரே சட்டகம்: தட்டையான தரை, அசையாத உடல்கள், நடுவில் நிற்கும் இருவர். ஒரே வித்தியாசம், தாந்தேவும் அவருக்கு வழிகாட்டும் கவிஞர் வெர்ஜிலும் அந்தப் பக்கம் ஏறி வெளியே வந்து நட்சத்திரங்களைப் பார்க்கிறார்கள். ஃபுல்ச்சியின் இருவருக்கு அந்தப் பக்கம் என்பதே இல்லை. வழிகாட்டி இல்லை, வாசல் இல்லை, ஏன் வந்தோம் என்று சொல்ல ஆளும் இல்லை. முதல் படத்தைப் பார்த்திருந்தால்தான் இரண்டாவதில் எது பிடுங்கப்பட்டிருக்கிறது என்று தெரியும்.

இன்னொன்றும் யோசிக்கிறேன். காரணமில்லாத நரகம்தான் அதிகப் பயம் என்று எழுதிக்கொண்டே வந்தேன். ஆனால் என்னைப் படத்தை நிறுத்திவிட்டு வெளியே போகவைத்தது ஃபுல்ச்சி இல்லை, ஷோஸ்ட்ரோம். அங்கே காரணம் பச்சையாகத் தெரிகிறது. குடித்தான், இருமினான், கோடரி எடுத்தான். காரணம் தெரிந்தும், அந்த மனிதனைத் தெரிந்தும், தடுக்க முடியாமல் பார்ப்பது வேறு வகைப் பயம். இரண்டில் எது பெரியது என்று கேட்டால், வயதைப் பொறுத்தது என்பேன். இருபது வயதில் ஃபுல்ச்சி. இப்போது ஷோஸ்ட்ரோம்.

27 ஜனவரி, மாலை 5.20

எந்தப் பிரதியைப் பார்ப்பது என்று பலர் கேட்டதால் இது.

‘லின்ஃபெர்னோ’: டேன்ஜரின் ட்ரீம் குழுவின் மின்னிசையோடு 2004-இல் ஒரு வட்டு வந்தது. அதில் குரல் பாட்டெல்லாம் வருகிறது, என்னால் ஒட்ட முடியவில்லை. ஒலியைக் குறைத்துவிட்டுப் பாருங்கள்.

‘ஹேக்ஸன்’: 1968-இல் எழுத்தாளர் வில்லியம் பரோஸின் குரலோடும் ஜாஸ் இசையோடும் சுருக்கி வெளியிட்ட பிரதி ஒன்று உண்டு. தனிச் சுவை, ஆனால் முதல் தடவைக்கு வேண்டாம். டைட்டில் கார்டுகள் உள்ள முழுப் பிரதிதான் தேவை, இல்லையென்றால் மாரன் பாட்டியின் வார்த்தை அந்த இடத்தில் கிடைக்காது.

‘ஃபவுஸ்ட்’: முர்னாவ் ஒவ்வொரு சந்தைக்கும் வெவ்வேறு டேக்குகளை வைத்துத் தனித்தனி நெகட்டிவ் தயார் செய்தார். ஜெர்மனிக்கென்று தொகுத்த பிரதியில் நடிப்பும் ஒளியும் பல இடங்களில் மேல்.

‘லால்தீலா’: அமெரிக்காவில் எண்பதுகளில் வேறு பெயரில், வெட்டி, இசையையும் மாற்றி விட்டார்கள். ஃப்ரிட்ஸியின் இசை இல்லாமல் அந்த முடிவு நிற்காது. அதைத் தொடாதீர்கள்.

‘லிசாவும் சாத்தானும்’: இதில்தான் அதிகக் கவனம் வேண்டும். படம் விலைபோகாததால் தயாரிப்பாளர், அப்போது ஓடிக்கொண்டிருந்த பேயோட்டும் படங்களின் அலையில், பாதிரியார் ஒருவர் பேயோட்டும் காட்சிகளைப் புதிதாக எடுத்துச் சொருகி 1975-இல் வேறு படமாக விற்றார். அந்தப் பிரதியில் லிசாவுக்கு நடப்பதற்கு ஒரு காரணம் கிடைத்துவிடுகிறது, பேய் பிடித்திருக்கிறது என்று. பாவா எடுத்ததையே அது காலி செய்கிறது. வாங்கும்போது பெயரைப் பார்த்து வாங்குங்கள், ஒரே வட்டில் இரண்டும் இருந்தால் பாவாவுடையதை முதலில் போடுங்கள்.